ஓஹாயோ ஸ்டேட் – நோட்டர் டேம் இறுதி ஆட்டம்: எப்போது எழுந்திருப்பது, எங்கே கண்ணை வைப்பது

2025 ஜனவரி 15, புதன் – புதுக்கண்

அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பால் இறுதி ஆட்டம் வருகிற வாரம். என்எஃப்எல் (அமெரிக்கத் தொழில்முறை ஃபுட்பால்) விதிகள் ஓரளவு தெரிந்தவருக்கு இதில் புதிதாக என்ன இருக்கிறது? நாலு மணி நேர ஒளிபரப்பில் பந்து உயிரோடு இருப்பது கொஞ்ச நேரம்தான். மிச்சமெல்லாம் விளம்பரம், கூடிப் பேசுவது, குழல் வாத்தியம். மறுநாள் பத்து நிமிடச் சுருக்கக் காட்சி போதும் என்பது என் கட்சி. மறுப்பவர்கள் காரணத்தோடு மறுக்கவும்.

ஜனவரி 15 – ஹாஷ்கோடு

மறுக்கிறேன். சுருக்கக் காட்சியில் பந்து போன இடம் தெரியும், ஏன் போனது என்பது தெரியாது. அதற்கான விடை பந்து நகர்வதற்கு முந்தைய பத்து விநாடியில் இருக்கிறது. சுருக்குபவர்கள் முதலில் வெட்டுவதும் அந்தப் பத்து விநாடியைத்தான்.

முதலில் நேரம். அட்லாண்டா, மெர்சிடிஸ்-பென்ஸ் மைதானம், ஜனவரி 20 திங்கள், அவர்கள் நேரம் இரவு 7.30. நமக்கு 21 செவ்வாய் காலை 5 மணி. அமெரிக்காவில் ஈஎஸ்பிஎன்.

கூரை உள்ள மைதானம், செயற்கைப் புல். ஆகவே காற்று, மழை, சேறு என்று எந்தச் சாக்கும் கிடையாது. பந்து வழுக்கினால் கை வழுக்கியது என்று பொருள்.

ஜனவரி 15 – வடகூரை

5 மணி தப்பு, 6 மணி. ஒன்பதரை மணி நேர வித்தியாசம் கோடைக்காலக் கணக்கு. நவம்பர் முதல் ஞாயிறு அவர்கள் கடிகாரத்தைப் பின்னால் தள்ளிவிடுவார்கள், அதிலிருந்து மார்ச் வரை பத்தரை மணி நேரம். சென்னைக்கும் யாழ்ப்பாணத்துக்கும் காலை 6.00, துபாய் 4.30, சிங்கப்பூர், கோலாலம்பூர் 8.30, லண்டன் நள்ளிரவு 12.30. அறிவித்த நேரத்துக்குப் பந்தை உதைத்துவிட மாட்டார்கள், சில நிமிடம் இழுக்கும். ஆனால் 5 மணிக்கு எழுந்து உட்கார்ந்தால் முன்னோட்டப் பேச்சுதான் கிடைக்கும்.

ஜனவரி 15 – ஹாஷ்கோடு

ஆமாம், 6. மேலே உள்ளதைத் திருத்தாமல் விடுகிறேன், வடகூரையின் பதில் அந்தரத்தில் தொங்கக்கூடாது.

ஜனவரி 16 – ஹாஷ்கோடு

என்எஃப்எல் கண்ணோடு வருபவர் இடறி விழும் இடங்கள்:

பந்தைப் பிடிப்பவர் ஒரு காலைக் கோட்டுக்குள் வைத்தால் போதும். என்எஃப்எல்லில் இரண்டு கால் வேண்டும். ஓரத்தில் பிடித்த பந்துக்கு “அவுட்” என்று கத்துவதற்கு முன் இதை நினைவில் வையுங்கள்.

ஓடுபவரின் முழங்கால் தரையைத் தொட்டால் ஆட்டம் நின்றுவிடும், யாரும் தொட்டிருக்க வேண்டாம். தானாக வழுக்கி விழுந்து எழுந்து ஓடுவது என்எஃப்எல்லில் செல்லும், இங்கே செல்லாது.

பந்து வரும் முன் பிடிப்பவரைத் தள்ளினால் தண்டனை அதிகபட்சம் 15 யார்டு. என்எஃப்எல்லில் தவறு நடந்த இடத்திலேயே பந்து, 40 யார்டு ஆனாலும் சரி. ஆகவே கல்லூரி ஆட்டத்தில் தோற்றுப்போன காவல்காரர் நீளப் பந்தின்போது சட்டையைப் பிடித்து இழுப்பது லாபக் கணக்கு. டச்டவுன் (பந்தோடு கடைசிக் கோட்டைத் தாண்டி 6 புள்ளி) கொடுப்பதைவிட 15 யார்டு மலிவு.

முன்வரிசைத் தடுப்பாளர்கள், பந்து முன்னோக்கி வீசப்படும் முயற்சியில் 3 யார்டு வரை முன்னே போகலாம், என்எஃப்எல்லில் 1 யார்டு. சின்ன வித்தியாசம்தான், ஆனால் கல்லூரி ஆட்டத்தின் பாதி ஏமாற்று இதில்தான் ஓடுகிறது. தடுப்பாளர் ஓட்டத்துக்கு முட்டுவதுபோல் முட்டுவார். குவார்ட்டர்பேக் (தாக்குதலை நடத்தி, பந்தை வீசுபவர்) பந்தை ஓடுபவரின் வயிற்றில் வைத்தபடி ஒரு லைன்பேக்கரை (காவல் முன்வரிசைக்குப் பின்னே நிற்பவரை) மட்டும் பார்ப்பார். அவர் முன்னே வந்தால் பந்தை எடுத்து அவர் விட்டுவந்த இடத்துக்கு வீசுவார். வராவிட்டால் பந்தைக் கொடுத்துவிடுவார். தோற்றது யார் என்று தெரிய அந்த லைன்பேக்கரைப் பார்க்க வேண்டும், பந்தை அல்ல.

கடிகாரம்: ஒரு முயற்சி ஒரு டவுன், நாலு டவுனுக்குள் 10 யார்டு கடந்தால் மறுபடி முதல் டவுன். முதல் டவுன் கிடைத்ததும் கடிகாரம் நிற்கும், தூரம் அளக்கும் சங்கிலியை நகர்த்தியபின் மறுபடி ஓடும். அதனால்தான் கல்லூரி ஆட்டம் நீளம்.

ஜனவரி 16 – கணக்குப்பிள்ளை

கடைசிப் பத்தி பழைய பஞ்சாங்கம். 2023 பருவத்திலிருந்து முதல் டவுனுக்குக் கடிகாரம் நிற்பதில்லை, ஒவ்வொரு பாதியின் கடைசி இரண்டு நிமிடத்தைத் தவிர. 2024-இல் அந்த இரண்டு நிமிடக் குறியில் கட்டாய நிறுத்தமும் வந்துவிட்டது. இரண்டையும் சேர்த்துப் பார்த்தால் ஒரு பாதி இரண்டு ஆட்டம்: முதல் 28 நிமிடம் ஓடும் கடிகாரம், கடைசி 2 நிமிடம் நின்று நின்று ஓடும் கடிகாரம்.

ஜனவரி 16 – ஹாஷ்கோடு

சரி. பஞ்சாங்கத்தை மாற்றுகிறேன். 2024-இல் வந்த இன்னொன்று: பயிற்சியாளர் ஒரு வீரரின் தலைக்கவசத்துக்குள் பேசலாம். தாக்குதல் பக்கம் ஒருவர், காவல் பக்கம் ஒருவர். 40 விநாடி ஆட்டக் கடிகாரத்தில் 15 மிச்சம் இருக்கும்போது இணைப்பு அறுந்துவிடும். திரையின் கீழே அந்தக் கடிகாரம் தெரியும். 15-க்கு முன்பே தாக்குதல் அணி வரிசையில் நின்றுவிட்டால், எதிரணியின் நிற்பைப் பார்த்துப் பயிற்சியாளர் குவார்ட்டர்பேக்கின் காதில் இன்னொரு வார்த்தை சொல்ல இடம் உண்டு. 15-க்குப் பிறகு காவல்காரர்கள் இடம் மாறினால், இனி திருத்த ஆளில்லை என்று தெரிந்தே மாறுகிறார்கள்.

புதுக்கண், நீங்கள் விளம்பர இடைவெளி என்று நினைக்கும் நேரத்தில் நடப்பது இது.

ஜனவரி 17 – புதுக்கண்

கட்சி மாறவில்லை, கொஞ்சம் ஆடுகிறது. அணிகளைப் பற்றிச் சொல்லுங்கள். பாரிஸ் தேவாலயத்துக்கும் இந்த நோத்ரு தாமுக்கும் என்ன உறவு?

ஜனவரி 17 – வடகூரை

எழுத்து உறவு மட்டும். தேவாலயத்தை எப்படி வேண்டுமானாலும் சொல்லுங்கள், இந்தியானாவில் இருக்கும் பல்கலை “நோட்டர் டேம்”. பிரெஞ்சு உச்சரிப்போடு அங்கே போனால் வழிகூடச் சொல்ல மாட்டார்கள்.

ஜனவரி 17 – ஹாஷ்கோடு

12 அணி வைத்து நடக்கும் முதல் பிளேஆஃப் (சாம்பியனைத் தீர்மானிக்கும் நாக்அவுட் சுற்று) இது. நோட்டர் டேம் 7-ஆம் தரம், ஓஹாயோ ஸ்டேட் 8. இரண்டுமே பருவத்தில் சறுக்கியவை. நோட்டர் டேம் சொந்த ஊரில் நார்தர்ன் இல்லினாயிடம் 16–14 தோற்றது. ஓஹாயோ ஸ்டேட் ஆரெகனிடம் 32–31, பிறகு மிஷிகனிடம் 13–10. நாலே அணிகள் ஆடிய பழைய முறையாக இருந்தால் இந்த இருவரும் இறுதியில் நின்றிருக்க வாய்ப்பே குறைவு.

வந்த வழி. நோட்டர் டேம்: இந்தியானா 27–17, ஜார்ஜியா 23–10, பென் ஸ்டேட் 27–24. ஓஹாயோ ஸ்டேட்: டென்னசி 42–17, ஆரெகன் 41–21, டெக்சாஸ் 28–14.

நோட்டர் டேம் பயிற்சியாளர் மார்கஸ் ஃப்ரீமன் ஓஹாயோ ஸ்டேட்டில் லைன்பேக்கராக ஆடியவர். எதிரே ஓஹாயோ ஸ்டேட் பயிற்சியாளர் ரயன் டே.

ஓஹாயோ ஸ்டேட்டின் பலம் பிடிப்பவர்கள்: ஜெரமையா ஸ்மித், எமேகா எக்புக்கா, கார்னெல் டேட். பலவீனம் முன்வரிசை. இடது டாக்கிள் ஜாஷ் சிம்மன்ஸும் சென்டர் செத் மெக்லாக்லினும் காயத்தால் போய்விட்டார்கள், ஒட்டுப்போட்ட வரிசை. நோட்டர் டேமின் பலம் ஆளுக்கு ஆள் காவல், அதோடு குவார்ட்டர்பேக் ரைலி லெனர்டின் கால்கள். பலவீனம்: முதல்தரக் கார்னர் (ஓரத்தில் பிடிப்பவரைக் காப்பவர்) பெஞ்சமின் மாரிசன் அக்டோபரிலிருந்து இல்லை, ஓடுபவர் ஜெரமையா லவ் முழங்கால் வலியோடு ஆடுகிறார்.

என் கணிப்பு: நோட்டர் டேம் பந்தை நீண்ட நேரம் கையில் வைத்திருந்தால் ஜெயிக்கும். ஸ்மித் ஓரத்தில் உட்கார்ந்திருந்தால் ஸ்மித்தால் பந்தைப் பிடிக்க முடியாது.

ஜனவரி 18 – ஹாஷ்கோடு

திரையில் கண்ணை வைக்கும் வரிசை. தாக்குதல் அணி கூடிப் பிரிந்ததும் தொடங்குங்கள்.

முதலில் டவுனும் தூரமும். முதல் டவுன் 10 யார்டில் எதுவும் வரலாம். இரண்டாம் டவுனில் 2 யார்டுதான் பாக்கி என்றால் நீளப் பந்து ஒன்றை இலவசமாக முயலும் நேரம். மூன்றாம் டவுன் 7-க்கு மேல் என்றால் வீசியே ஆக வேண்டும், எல்லோருக்கும் தெரியும்.

அடுத்து ஆழத்தில் நிற்கும் சேஃப்டிகள், அதாவது கடைசிக் காவல்காரர்கள். இருவர் 12–15 யார்டு பின்னே நின்றால் நீளப் பந்துக்குப் பூட்டு, நடுவில் ஓட்டத்துக்கு ஆள் குறைவு. ஒருவர் மட்டும் பின்னே என்றால் முன்னே ஓர் ஆள் கூடுதல், ஓரங்களில் ஆளுக்கு ஆள். யாருமே இல்லை என்றால் எல்லோரும் பாயப் போகிறார்கள், மூச்சைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

பிறகு நகர்வு. பந்து உயிர்பெறும் முன் ஒரு பிடிப்பாளர் பக்கவாட்டில் ஓடுவார். அவர் பின்னாலேயே ஒரு காவல்காரர் ஓடினால் ஆளுக்கு ஆள். ஒருவரும் ஓடாமல் கை காட்டி அடுத்தவரிடம் ஒப்படைத்தால் இடக்காவல். கபடி பார்த்த கண்ணுக்கு இது பழகியதுதான்: ரெய்டர் கோட்டோரம் நடக்கும்போது சங்கிலி எப்படி வளைகிறது என்று பார்ப்பதில்லையா?

கடைசியாகப் பந்து எந்த ஹாஷில் (பந்து வைக்கும் இடத்தின் எல்லையைக் காட்டும் சிறு கோட்டு வரிசையில்) இருக்கிறது. கல்லூரிக் களத்தில் இரண்டு ஹாஷ் வரிசைக்கும் இடையே 40 அடி, என்எஃப்எல்லில் 18 அடி 6 அங்குலம். பந்து இடது ஹாஷில் என்றால் வலப்பக்கம் மைதானமாய் விரிந்து கிடக்கும். அகலப் பக்கத்துக்கு வீசுவது குவார்ட்டர்பேக் கையின் வலுவைச் சோதிக்கும், அந்தப் பக்கம் ஓடுவது காவலரின் காலைச் சோதிக்கும்.

முதல் டவுன் எதுவரை என்று காட்டும் மஞ்சள் கோடு தொலைக்காட்சி போடுவது, செல்லுபடியாவது ஓரத்தில் நிற்கும் சங்கிலி.

ஜனவரி 18 – வடகூரை

இன்னொன்று சேர்க்கவும்: ஆட்களை எண்ணவும். 2023-இல் இதே இரு அணிகள் நோட்டர் டேமின் ஊரான சவுத் பெண்டில் மோதியபோது, கடைசி இரண்டு முயற்சிக்கும் நோட்டர் டேம் பக்கம் களத்தில் 11-க்குப் பதில் 10 பேர்தான். 1 விநாடி மிச்சமிருக்க 1 யார்டு ஓடி ஓஹாயோ ஸ்டேட் 17–14.

ஜனவரி 18 – கணக்குப்பிள்ளை

சமனில் முடிந்தால்: கூடுதல் நேரத்தில் கடிகாரமே இல்லை. ஆளுக்கொரு முறை (பந்தோடு தாக்கும் வாய்ப்பு), எதிரணியின் 25 யார்டு கோட்டிலிருந்து. அந்த இடத்திலிருந்தே உதைத்தால் 42 யார்டு ஃபீல்ட் கோல் (கம்பங்களுக்கு இடையே உதைத்து 3 புள்ளி) – 25, கூட எண்ட் ஸோன் (கடைசிக் கோட்டுக்குப் பின்னால் உள்ள பகுதி) 10, பந்தைப் பின்னே எடுத்து வைக்கும் 7. இரண்டாவது சுற்றில் டச்டவுன் அடித்தால், வழக்கமான 1 புள்ளி உதைக்குப் பதில் 2 புள்ளி முயற்சி (கோட்டை இன்னொரு தடவை தாண்டுவது) கட்டாயம். மூன்றாவது சுற்றிலிருந்து டச்டவுனே கிடையாது, 3 யார்டிலிருந்து மாறி மாறி 2 புள்ளி முயற்சி மட்டும். பெனால்ட்டி ஷூட்டவுட் மாதிரி.

ஜனவரி 21, செவ்வாய், காலை 6.40 – புதுக்கண்

நோட்டர் டேம் முதல் முறையே 18 முயற்சி, 75 யார்டு, 9 நிமிடம் 45 விநாடி. லெனர்டே ஓடி டச்டவுன். 7–0. ஹாஷ்கோடு ஜோசியம் பலிக்கிறது.

காலை 6.45 – ஹாஷ்கோடு

அதில் ஒன்பது முறை லெனர்ட் தானே ஓடியிருக்கிறார். ஒரு குவார்ட்டர்பேக்குக்கு இது ஒரு முழு ஆட்டத்தின் வேலை.

காலை 7.30-க்குப் பிறகு – புதுக்கண்

7–21. ஜோசியம் எங்கே?

ஜனவரி 21, மாலை – ஹாஷ்கோடு

ஓஹாயோ ஸ்டேட் 34, நோட்டர் டேம் 23. 17-ஆம் தேதி எழுதிய கணிப்பைத் திரும்பப் பெறுகிறேன், ஆனால் ஏன் பொய்த்தது என்பதோடு.

பந்தைக் கையில் வைத்திருப்பதற்குப் புள்ளி இல்லை. பத்து நிமிடம் வைத்திருந்து 7, எதிரணி அதில் பாதி நேரத்தில் 7. இரண்டும் சமம். உண்மையில் எண்ண வேண்டியது முறைகளை, நிமிடங்களை அல்ல. நீளமான ஓட்டம் இரு அணிக்கும் முறைகளைக் குறைக்கும். முறை குறைந்தால் ஒவ்வொரு தவறும் பெரிதாகும், அவ்வளவே. ஓஹாயோ ஸ்டேட் தன் முதல் நான்கு முறையும் டச்டவுன் அடித்தது. அப்படிப்பட்ட அணிக்கு எதிராக முறையைக் குறைப்பதால் என்ன பயன்?

முதல் டச்டவுன் 18-ஆம் தேதிக் குறிப்புக்கு எடுத்துக்காட்டு. கோட்டிலிருந்து 8 யார்டு. ஸ்மித் உள்ளே நகர்வதுபோல் தொடங்கி, பந்து உயிர்பெறும்போது வந்த வழியே வெளியே திரும்பினார். ஆளுக்கு ஆள் காவலில் துணை வருபவர் கூட்டத்தைச் சுற்றிக்கொண்டு ஓட வேண்டும், அதற்குள் ஸ்மித் தனியாக நிற்கிறார். வில் ஹவர்ட் மென்மையாக வீசினால் போதும். அவர் முதல் 13 வீச்சும் பிடிபட்டன, மொத்தம் 21-க்கு 17, 231 யார்டு.

அடுத்தது இடைவேளையைச் சுற்றிய இரட்டை அடி. நோட்டர் டேம் ஆட்டத்தின் தொடக்கத்தில் பந்தைப் பெற்றதால் இரண்டாம் பாதியில் ஓஹாயோ ஸ்டேட் பெறும். இடைவேளைக்குச் சற்று முன் குவின்ஷான் ஜட்கின்ஸ் பிடித்து 21–7. திரும்பி வந்ததும் அதே ஜட்கின்ஸ் 70 யார்டு ஓட்டம், பிறகு 1 யார்டிலிருந்து டச்டவுன், 28–7. நடுவில் நோட்டர் டேம் எதையும் அடிக்க நேரமில்லை. இனி எந்த ஆட்டத்திலும் இடைவேளைக்கு நாலு நிமிடம் முன் “அடுத்த பாதி யாருக்கு?” என்று கேட்டுக்கொள்ளுங்கள். அதற்குப் பதில் தெரிந்தால் பயிற்சியாளர்கள் ஏன் திடீரென்று அவசரப்படுகிறார்கள், ஏன் திடீரென்று சோம்புகிறார்கள் என்பது விளங்கும்.

ஜனவரி 21, இரவு – கணக்குப்பிள்ளை

எல்லோரும் திட்டுவது ஒரே முடிவைத்தான். 31–15, நான்காம் கால்பகுதியில் ஒன்பது நிமிடம் சொச்சம், நான்காம் டவுன், கோட்டுக்கு 9 யார்டு. ஃப்ரீமன் ஃபீல்ட் கோல் கேட்டார், மிட்ச் ஜெட்டரின் 27 யார்டு உதை இடது கம்பத்தில் பட்டுத் திரும்பியது. அது உள்ளே போயிருந்தாலும் 31–18. 16 பின்னே என்றாலும் 13 பின்னே என்றாலும் தேவை இரண்டு டச்டவுன். அப்புறம் எதற்கு உதை?

ஜனவரி 21, இரவு – ஹாஷ்கோடு

இரண்டு டச்டவுன் என்பது சரி, ஆனால் எந்த இரண்டு? 16 பின்னே என்றால் இரண்டு டச்டவுனுக்குப் பிறகும் இரண்டு தடவை 2 புள்ளி முயற்சி பலிக்க வேண்டும். இரண்டும் பலித்தாலும் சமன்தான். 13 பின்னே என்றால் சாதாரண உதைகளோடு 14, ஒரு புள்ளி வெற்றி. 2 புள்ளி முயற்சி பாதிக்குப் பாதி என்று வைத்தால் இரண்டும் பலிப்பது நாலில் ஒன்று. ஆகவே 3 புள்ளிக்கு மதிப்பே இல்லை என்பது தப்பு.

ஜனவரி 22 – கணக்குப்பிள்ளை

உங்கள் கணக்கில் விட்டுப்போனது முறைகளின் எண்ணிக்கை. நேற்று மாலை நீங்களே எழுதியது. உதைத்த பிறகும் இன்னும் இரண்டு முறை கோட்டைத் தாண்ட வேண்டும், நடுவில் இரண்டு முறை எதிரணியை நிறுத்த வேண்டும். ஒன்பது நிமிடத்தில் 9 யார்டு தூரம் வரை வந்து நிற்கும் வாய்ப்பு எத்தனை தடவை கிடைக்கும்? அங்கிருந்து தோற்றாலும் எதிரணி தன் கோட்டோரம் மாட்டிக்கொண்டு தொடங்கும்.

ஜனவரி 22 – ஹாஷ்கோடு

ஒத்துக்கொள்கிறேன், முக்கால்வாசி. 4 யார்டு என்றால் கண்ணை மூடிக்கொண்டு முயலச் சொல்வேன். 9 யார்டு, அதுவும் பின்னால் வெறும் 10 யார்டு எண்ட் ஸோன், காவல்காரர்கள் நெருக்கமாக நிற்கும் இடம். அதனால்தான் மிச்சம் கால்வாசியை விடவில்லை.

ஹாஷைப் பற்றி இன்னொரு வார்த்தை. 27 யார்டு உதை என்றால் குழந்தை உதை என்று நினைப்பார்கள். கல்லூரிக் களத்தில் ஹாஷ் நடுக்கோட்டிலிருந்து 20 அடி தள்ளி இருக்கிறது. பந்து ஹாஷில் இருந்தால் 81 அடியில் அது ஏறக்குறைய 14 பாகைச் சாய்வு. என்எஃப்எல் ஹாஷிலிருந்து அதே தூரத்துக்கு ஆறரைப் பாகை. தூரம் கூடக்கூடச் சாய்வு குறையும். கிட்ட வந்தால் எளிது என்பது கல்லூரியில் பாதி உண்மை.

ஜனவரி 22 – புதுக்கண்

31–23 ஆனபோது நாலு நிமிடம் சொச்சம் இருந்தது. ஓஹாயோ ஸ்டேட் மூன்றாம் டவுன் 11 யார்டு. ஓடிக் கடிகாரத்தைத் தின்னாமல் ஏன் 56 யார்டு வீச்சு? பிடிபடாவிட்டால் கடிகாரம் நின்று பந்து எதிரணிக்கு.

ஜனவரி 22 – வடகூரை

ஓடினால் கொஞ்சம் நேரம் கரையும், பிறகு பண்ட் (தூரமாக உதைத்துப் பந்தைக் கொடுத்துவிடுவது), பந்து எப்படியும் எதிரணிக்குத்தான். ஒரு முதல் டவுன் கிடைத்தால் பந்தே போகாது. சேஃப்டிகளைப் பார்த்தீர்களா? ஸ்மித்துக்கு ஒருவரே காவல். டெக்சாஸ் அரையிறுதியில் அவரைச் சூழ்ந்து நின்றதால் ஒரு பந்து, 3 யார்டு, அவ்வளவுதான் கிடைத்தது. இங்கே சூழ ஆள் வைக்கவில்லை. பிறகு 33 யார்டு ஃபீல்ட் கோல், மிச்சம் 26 விநாடி.

ஜனவரி 22 – புதுக்கண்

சுருக்கக் காட்சியில் அந்த வீச்சைத் திரும்பப் போட்டுப் பார்த்தேன். ஸ்மித் கையில் பந்து விழுவதிலிருந்துதான் தொடங்குகிறது. சேஃப்டி நின்ற இடம் இல்லவே இல்லை.

ஜனவரி 23 – ஹாஷ்கோடு

அடுத்தது 2026 ஜனவரி 19, மயாமி கார்டன்ஸ், ஹார்ட் ராக் மைதானம். திறந்த மைதானம், ஆகவே காற்றையும் மழையையும் பட்டியலில் சேர்க்கவும். அவர்கள் 7.30-க்கே வைத்தால் நமக்கு மறுநாள் காலை 6. ஐந்து அல்ல.